பழைய காருக்கு பாடி கிட்: கடைக்குப் போவதற்கு முன் ஓர் அட்டையை ஒட்டிப் பாருங்க

மதுரை ரிங் ரோட்டில் ஞாயிற்றுக்கிழமை காலை ஒரு பத்து நிமிடம் நின்று பாருங்கள். பத்துப் பதினைந்து வயதான ஸ்விஃப்ட், ஐ10, சாண்ட்ரோ, ஆல்டோ என்று வரிசையாகப் போகும். அதில் ஒன்றிரண்டாவது வேஷம் மாற்றியிருக்கும். முன் பம்பருக்குக் கீழே உதடு மாதிரி நீட்டிய பட்டை, கதவுகளுக்குக் கீழே பாவாடை, கூரையின் பின் நுனியில் இறக்கை. இது மொத்தத்துக்கும் கடையில் பெயர் ‘பாடி கிட்’. கொஞ்சம் ஸ்டைலான கடையாக இருந்தால் ‘ஏரோ கிட்’.

என் சித்தி மகனும் ஒன்று மாட்டினான். 2010-இல் பதிவான ஸ்விஃப்ட், இவன் இரண்டாவது ஓனர். கிட் போட்ட மூன்றாவது வாரம் அலங்காநல்லூர் பக்கம் ஒரு கல்யாணத்துக்கு ஐந்து பேர் அதில் போனோம். ஊருக்குள் திரும்பும் இடத்தில் ஊர்க்காரர்களே போட்ட வேகத்தடை. ‘டப்’ என்று ஒரு சத்தம். முன் பட்டை இரண்டாகப் பிளந்து, ஒரு பாதி சக்கரத்துக்கு அடியில் கிடந்தது. அது போனால் போகட்டும் என்று விட்டால், 2025-இல் ஆர்.சி. புதுப்பிக்க வண்டியை ஆய்வுக்குக் கொண்டுபோனபோது மிச்சமிருந்த பாவாடையும் பின் பம்பரும் கேள்விக்கு வந்தன. கழற்றி, துளைகளை அடைத்து, பெயின்ட் அடித்து, மறுபடி போனான். மாட்டியதற்கு எவ்வளவு ஆனது என்பதை இன்றுவரை வீட்டில் சொல்லவில்லை.

ஆசையாகச் சேர்த்த பணம் இப்படிப் போகக்கூடாது என்பதற்காகத்தான் இந்தக் கட்டுரை. கிட்டே போடாதீர்கள் என்று சொல்ல வரவில்லை. எது வேலை செய்யும், எது வெறும் அலங்காரம், எது உங்களை ஆர்.டி.ஓ. ஆபீஸ் வாசலில் நிறுத்தும் என்று தெரிந்துகொண்டு போடுங்கள்.

காற்று எப்போது தள்ளுகிறது?

கடையில் முதலில் சொல்வது, “சார், இதப் போட்டா மைலேஜ் கூடும், வண்டி ரோட்டப் பிடிச்சு ஓடும்” என்பதுதான். இதை நாமே கணக்குப் போட்டுப் பார்க்கலாம். காற்றின் எதிர்ப்பு வேகத்தின் வர்க்கத்துக்கு ஏற்ப ஏறும். வேகம் இரண்டு மடங்கானால் எதிர்ப்பு நான்கு மடங்கு. ஒரு சாதாரண ஹேட்ச்பேக்கை எடுத்துக்கொண்டால், மணிக்கு 40 கி.மீ. வேகத்தில் காற்று வண்டியைப் பின்னால் தள்ளும் விசை உத்தேசமாக 5 கிலோ எடைக்குச் சமம். 80-இல் 20 கிலோ. 100-இல் 30 கிலோவைத் தாண்டும். ஆட்களோடு சேர்த்து சுமார் ஒரு டன் எடையுள்ள அதே வண்டியின் டயர்கள் சாலையில் உருளும்போது உண்டாகும் எதிர்ப்பு, எந்த வேகத்திலும் ஏறக்குறைய 12 கிலோ. அதாவது மணிக்கு 60 கி.மீ. வரை உங்கள் பெட்ரோலைத் தின்பதில் டயருக்குத்தான் பெரிய பங்கு. அதற்கு மேலே போனால்தான் காற்று முந்துகிறது.

இப்போது யோசியுங்கள். பெரியார் பஸ் ஸ்டாண்டிலிருந்து கோரிப்பாளையம், அங்கிருந்து மாட்டுத்தாவணி. இந்தப் பாதையில் நீங்கள் எந்த நேரத்தில் 60-ஐத் தொட்டிருக்கிறீர்கள்? கிட் உண்மையிலேயே காற்றெதிர்ப்பைப் பத்து சதவீதம் குறைத்துவிட்டது என்றே வைத்துக்கொள்வோம். 40 கி.மீ. வேகத்தில் மொத்தமுள்ள 17 கிலோ எதிர்ப்பில் அரைக் கிலோ குறையும், அவ்வளவுதான். சிக்னலுக்கு சிக்னல் நின்று கிளம்புவதில் அதுவும் கரைந்துவிடும். கிட்டின் எடை வேறு கூடுதல். திருச்சிக்கோ திருநெல்வேலிக்கோ நான்குவழிச் சாலையில் வாரம் தவறாமல் போய் வருகிறவர்களுக்கு மட்டும் இந்தக் கணக்கில் கொஞ்சம் அர்த்தம் உண்டு.

அவர்களுக்கும் மலிவான வழி ஒன்று இருக்கிறது. கூரையில் எப்போதோ மாட்டிய கேரியர் காலியாக நிற்கிறதா? கழற்றிவிடுங்கள். எந்தக் கிட்டும் மிச்சப்படுத்தாத அளவுக்கு அது காற்றை இழுத்துக்கொண்டிருக்கும். டயர் காற்றழுத்தத்தை மாதம் இரண்டு முறை, வண்டி ஓடிச் சூடாவதற்கு முன் பாருங்கள். எவ்வளவு வேண்டும் என்பது ஓட்டுநர் கதவைத் திறந்தால் பக்கத்துத் தூணில் ஒட்டியிருக்கும் ஸ்டிக்கரிலோ, வண்டியோடு வந்த கையேட்டிலோ இருக்கும்.

ஸ்பாய்லர், லிப், பாவாடை

ஹேட்ச்பேக்கின் பின்பக்கம் வெட்டிவிட்ட மாதிரி செங்குத்தாக இருப்பதால், கூரை மேல் வழுக்கி வரும் காற்று அந்த விளிம்பில் பிய்ந்து, பின்னால் சுழலாக மாறும். அந்த இடத்தில் காற்றழுத்தம் குறைவதால் வண்டியைப் பின்னோக்கி இழுக்கிற மாதிரி ஆகிறது. மண் ரோட்டில் போய் வந்தால் முன் கண்ணாடியைவிடப் பின் கண்ணாடியில் அதிகம் புழுதி படிவதற்கும், பல ஹேட்ச்பேக்குகளுக்குப் பின்னால் வைப்பர் வைத்திருப்பதற்கும் இந்தச் சுழல்தான் காரணம். கூரையின் கோட்டை அப்படியே கொஞ்சம் நீட்டுகிற சிறிய ஸ்பாய்லர், காற்றை அந்த விளிம்பில் சுத்தமாகப் பிரித்துவிடும். மொத்த கிட்டில் நியாயமான வேலை செய்யும் உறுப்பு என்று நான் சொல்வது இதைத்தான்.

இதை மொபைலை வைத்தே பார்க்கலாம். ஒரு விரல் நீள உல்லன் நூல்களைக் கூரையின் பின்பகுதியிலும் பின் கண்ணாடியிலும் செல்லோடேப்பால் ஒட்டுங்கள். நண்பரின் காரில் பின்னால் வருகிறவர் ஒருவர் வீடியோ எடுக்கட்டும். எடுப்பவர் ஓட்டுநராக இருக்கக்கூடாது, சொல்லிவிட்டேன். காற்று ஒழுங்காக ஓடும் இடத்தில் நூல் நேராகப் படிந்து நிற்கும். சுழலும் இடத்தில் பேய் பிடித்த மாதிரி ஆடும். உங்கள் வண்டியில் எங்கே பிரச்சினை என்று கடைக்காரர் சொல்வதற்கு முன் உங்களுக்கே தெரிந்துவிடும்.

ஆளுயர இறக்கையை டிக்கி மேல் தூக்கி வைப்பது வேறு கதை. பந்தயக் கார்களில் அது பின்சக்கரங்களைத் தரையில் அழுத்தப் பயன்படுகிறது. நம்ம ஊர் ஹேட்ச்பேக்குகள் அனேகமாக எல்லாமே முன்சக்கர இயக்கம். இன்ஜின் இழுப்பது முன்னால், நீங்கள் அழுத்துவது பின்னால். சிறிய ஸ்பாய்லர் ஒன்று 80 கி.மீ. வேகத்தில் தரக்கூடிய அழுத்தத்தைக் கணக்கிட்டால் ஒன்றரைக் கிலோ அளவுக்குத்தான் வருகிறது. பின் சீட்டில் ஒரு தண்ணீர் பாட்டிலும் டிபன் பாக்ஸும் வைத்தால் அதே அழுத்தம் கிடைக்கும்.

முன் லிப், வண்டிக்கு அடியில் நுழையும் காற்றைக் குறைக்கிறது. தத்துவம் சரிதான். தரைக்கு எவ்வளவு நெருங்குகிறதோ அவ்வளவு பலன். நம்ம சாலைக்கும் அதற்கும் சண்டை தொடங்குவதும் அங்கேயேதான். பாவாடையும் பின்னால் வைக்கும் டிஃப்யூசரும் வண்டியின் அடிப்பகுதி மொத்தமும் தட்டையாக இருந்தால்தான் முழுதாக வேலை செய்யும். சைலன்சர் குழாயும் ஸ்டெப்னிக் குழியும் தொங்கும் பழைய காரில் அவை அலங்காரம்தான். அலங்காரம் தப்பில்லை. அலங்காரத்துக்குரிய விலையை மட்டும் கொடுங்கள்.

இன்னொன்று, முன் பம்பரையே மாற்றும் கிட்கள். கீழே உள்ள காற்றுத் துளை வழியாகத்தான் ரேடியேட்டருக்கும் ஏ.சி. கண்டென்சருக்கும் காற்று போகிறது. பார்க்க நன்றாக இருக்கிறதென்று அந்த வாயைச் சுருக்கிய பம்பரை மாட்டிவிட்டு, மே மாதம் 40 டிகிரி வெயிலில் ஏ.சி. போட்டு சிம்மக்கல் நெரிசலில் நின்றால் டெம்பரேச்சர் முள் ஏறும். பத்து வருடம் ஓடிய கூலிங் சிஸ்டத்துக்கு அது தேவையில்லாத சோதனை.

அட்டைப் பரிசோதனை

முதல் தலைமுறை ஸ்விஃப்டுக்கு நிறுவனம் சொன்ன தரை இடைவெளி 170 மி.மீ. இது வண்டியின் அடியில் மிகத் தாழ்ந்த இடத்தின் உயரம். ஐந்து பேர் ஏறி, டிக்கியில் சாமான் வைத்து, ஸ்பிரிங்குகளும் பழசாகியிருந்தால் இது இன்னும் பல மி.மீ. இறங்கும். இந்திய சாலைகள் காங்கிரஸின் வழிகாட்டுதலில் உள்ள வேகத்தடை 10 செ.மீ. உயரம், 3.7 மீட்டர் அகலம். மெதுவாக ஏறி இறங்குகிற மாதிரி அகலமானது. ஆனால் உள்ளூரில் நாலு பேர் சேர்ந்து சிமென்ட்டைக் குவித்துப் போடும் தடைக்கு எந்த அளவும் கிடையாது. மேலூர், வாடிப்பட்டி, உசிலம்பட்டி பக்கம் கால்வாய்க் கரைப் பாதைகளிலும் வயல் ஓரத்து மண் பாதைகளிலும் போகிறவர்களுக்கு நடுமேட்டைப் பற்றி நான் சொல்லவே வேண்டாம்.

உயரத்தோடு கோணமும் முக்கியம். முன் டயர் தரையைத் தொடும் இடத்திலிருந்து பம்பரின் கீழ் விளிம்பு 60 செ.மீ. முன்னால், தரையிலிருந்து 20 செ.மீ. உயரத்தில் இருக்கிறது என்று வையுங்கள். சுமார் 18 டிகிரி சரிவு வரை வண்டி உரசாமல் ஏறும். அதில் 6 செ.மீ. லிப் ஒன்றை மாட்டினால் 13 டிகிரியாகக் குறைந்துவிடும். நம்ம ஊரில் மழைத்தண்ணீருக்குப் பயந்து வீட்டைத் தெருவைவிட உயர்த்திக் கட்டி, வாசலில் போடும் சாய்தளம் அதைவிடச் செங்குத்தாகவே இருக்கும். அப்படியானால் தினமும் காலையும் மாலையும் சொந்த வீட்டு வாசலிலேயே உரசும்.

அதனால் பணம் கட்டுவதற்கு முன் இதைச் செய்யுங்கள். நீங்கள் வாங்க நினைக்கும் லிப் எவ்வளவு கீழே தொங்குமோ, அதே அளவுக்கு டிவி பெட்டி அட்டையில் ஒரு பட்டை வெட்டி, முன் பம்பருக்குக் கீழே நல்ல டேப்பால் ஒட்டுங்கள். டயரையோ விளக்கையோ நம்பர் பிளேட்டையோ தொடாமல் இருக்கட்டும். ஒரு வாரம் வழக்கமாகப் போகும் இடங்களுக்கெல்லாம் போங்கள்: ஆபீஸ், ஸ்கூல், மாமியார் வீடு, ஒரு நாள் வண்டி நிறைய ஆட்களோடு. வாரக் கடைசியில் அட்டையின் அடி விளிம்பைப் பாருங்கள். அது கிழிந்திருந்தால் கிட்டும் அந்த இடத்தில்தான் உடையும். என் சித்தி மகன் இதைச் செய்திருந்தால் பத்து ரூபாய் டேப்போடு விஷயம் முடிந்திருக்கும்.

என்ன பொருள், எப்படி மாட்டுகிறார்கள்

ஃபைபர் என்று கடையில் சொல்வது கண்ணாடி இழையும் ரெசினும் சேர்த்து அச்சில் வார்ப்பது. விலை குறைவு, எந்த வடிவத்திலும் செய்யலாம், உடைந்தால் உள்ளூரிலேயே ஒட்டிவிடலாம். ஆனால் வளையாது, அடிபட்டால் கூர்மையாகப் பிளக்கும். ஏ.பி.எஸ். பிளாஸ்டிக் கொஞ்சம் விட்டுக்கொடுக்கும். பாலியூரித்தேன் ரப்பர் மாதிரி வளைந்து பழைய நிலைக்கு வரும், விலையும் அதற்கேற்ப. முன் லிப் போட்டே ஆகவேண்டும் என்றால் வளையும் பொருளில் போடுங்கள். உடைந்த ஃபைபர் துண்டு நெடுஞ்சாலையில் பின்னால் வரும் பைக்காரருக்கு என்ன செய்யும் என்று நினைத்துப் பாருங்கள். சித்திரைத் திருவிழா நாளில் மாசி வீதிப் பக்கம் கூட்டத்துக்குள் ஊர்ந்து போகும்போது, பம்பரிலிருந்து கத்தி மாதிரி நீட்டிக்கொண்டிருக்கும் விளிம்பு யாருடைய முழங்காலில் படும் என்பதையும்.

வெறும் இருபக்க டேப்பில் ஒட்டும் கிட், மதுரை வெயிலில் நாளெல்லாம் நின்றால் பிடி விடும். துளை போட்டு மாட்டினால் வேறு ஆபத்து. கதவுக்குக் கீழே ஓடும் தகரப் பகுதி பார்க்கத்தான் ஓரம், உண்மையில் வண்டியின் எடையைத் தாங்கும் பகுதிகளில் அதுவும் ஒன்று. அதில் ட்ரில் போட்டு பாவாடையை மாட்டினால் துளை வழியே துரு உள்ளே போகும். அடியில் தண்ணீர் வடிவதற்காக விட்ட துளைகளைப் பாவாடை மூடிவிட்டால் இன்னும் வேகமாகத் துரு பிடிக்கும். அடிக்கடி ராமேஸ்வரம் பக்கம் போய் உப்புக்காற்று பட்ட வண்டிக்குச் சொல்லவே வேண்டாம். மாட்டுவதற்கு முன் மூன்று கேள்வி கேளுங்கள்: துளை எங்கே போடுவீர்கள்? துரு தடுப்பு என்ன பூசுவீர்கள்? பஞ்சர் ஆனால் ஜாக்கி எங்கே வைப்பது? மூன்றாவது கேள்விக்குப் பதில் சொல்லத் தெரியாத கடையில் வண்டியை விடாதீர்கள்.

சட்டம் எங்கே நிற்கிறது

மோட்டார் வாகனச் சட்டம் 1988, பிரிவு 52. தயாரிப்பாளர் முதலில் குறித்த விவரங்களுக்கும் பதிவுச் சான்றில் உள்ள விவரங்களுக்கும் முரண்பாடு வரும்படி வண்டியை மாற்றக்கூடாது என்பது இதன் சாரம். ‘மாற்றம்’ என்றால் என்ன என்பதையும் அதே பிரிவு சொல்கிறது: வண்டியின் அடிப்படை அம்சம் மாறும்படி அதன் கட்டமைப்பை மாற்றுவது. கேரளத்திலிருந்து போன ஒரு வழக்கில் 2019 ஜனவரி 9 அன்று உச்ச நீதிமன்றம் இதை உறுதி செய்தது. மாநில விதிகளைக் காட்டி, தயாரிப்பாளரின் மூல விவரக்குறிப்பிலிருந்து விலக முடியாது என்றும் தெளிவாக்கியது. அதே ஆண்டு வந்த சட்டத் திருத்தத்தில் பிரிவு 182ஏ சேர்க்கப்பட்டது. அனுமதிக்கப்படாத முறையில் வண்டியை மாற்றும் உரிமையாளருக்கு ஒவ்வொரு மாற்றத்துக்கும் 5,000 ரூபாய் அபராதம், அல்லது 6 மாதம் வரை சிறை, அல்லது இரண்டும் என்கிறது அதன் 4-ஆவது உட்பிரிவு. ‘ஒவ்வொரு மாற்றத்துக்கும்’ என்ற சொல்லைக் கவனியுங்கள். கிட் என்று நாம் ஒன்றாகச் சொன்னாலும் சட்டத்தின் கண்ணில் அது ஒன்றாக இருக்க வேண்டியதில்லை.

இதை நடைமுறையில் எப்படிப் புரிந்துகொள்வது? கூரை நுனியில் நட்டு போட்டு மாட்டிய சிறிய ஸ்பாய்லர், உங்கள் மாடலுக்கென்றே கார் நிறுவனம் துணைப்பொருளாக விற்கும் பாவாடை போன்றவை கட்டமைப்பைத் தொடுவதில்லை. ஃபெண்டரை வெட்டி அகலப்படுத்துவது, பம்பருக்குப் பின்னால் உள்ள இரும்புச் சட்டத்தை எடுப்பது, ஸ்பிரிங்கை வெட்டி வண்டியைத் தாழ்த்துவது ஆகியவை தெளிவாக மறுபக்கம். இடையில் இருக்கிற எதற்கும், மாட்டுவதற்கு முன் உங்கள் வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் கேட்டுவிடுங்கள். மதுரை தெற்கு என்றால் டி.என். 58, வடக்கு 59, மத்தி 64. முன்னால் இரும்புக் கம்பி வைக்கும் புல் பார் பற்றிக் கேட்கவே வேண்டாம். 2017 டிசம்பரிலேயே மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகம் அது பிரிவு 52-க்கு எதிரானது என்று மாநிலங்களுக்கு எழுதிவிட்டது.

நம்பர் பிளேட், இண்டிகேட்டர், பின் பம்பரில் உள்ள சிவப்பு ரிஃப்ளெக்டர் எதையும் கிட் மறைக்கக்கூடாது. பின் பம்பர் கிட்களில் பாதி இந்த இடத்தில்தான் தோற்கும்.

அனுமதி தேவைப்படும் மாற்றம் என்றால் பரிவாஹன் இணையதளத்தில் வாகனச் சேவைகளுக்குள் போய், தமிழ்நாட்டைத் தேர்ந்தெடுத்து, பதிவு எண்ணையும் சேஸிஸ் எண்ணின் கடைசி ஐந்து இலக்கங்களையும் கொடுங்கள். ஆர்.சி.யில் இணைத்த மொபைலுக்கு ஓ.டி.பி. வரும். பழைய கார் வாங்கியவர்களில் நிறையப் பேருக்கு அந்த ஓ.டி.பி. முந்தைய ஓனருக்குத்தான் போகும். முதலில் பெயர் மாற்றத்தையும் மொபைல் எண்ணையும் சரிசெய்யுங்கள். வண்டி மேல் கடன் இருந்தால் கடன் கொடுத்த வங்கியின் எழுத்துபூர்வ சம்மதத்தையும் வாங்குங்கள்.

எம்-பரிவாஹன் செயலியில் உங்கள் ஆர்.சி.யைத் திறந்து, பதிவு எந்தத் தேதி வரை செல்லும் என்று இப்போதே பாருங்கள். சொந்தக் காருக்கு முதல் பதிவு 15 ஆண்டுகள், பிறகு புதுப்பிப்பது ஐந்தைந்து ஆண்டுகளாக. முடியும் தேதிக்கு 60 நாள் முன்பிருந்து விண்ணப்பிக்கலாம். அந்தத் தேதிக்கு இன்னும் ஒரு வருடம்தான் இருக்கிறது என்றால் கிட் யோசனையைத் தள்ளிப்போடுங்கள். அந்தக் காசில் டயரைப் பாருங்கள். டயரின் பக்கவாட்டில் நான்கு இலக்க எண் ஒன்று இருக்கும். ‘2317’ என்றிருந்தால் 2017-இன் 23-ஆவது வாரத்தில் செய்தது. அப்படி ஒரு டயரை வைத்துக்கொண்டு ஸ்பாய்லர் விலை விசாரிப்பது எனக்கு நியாயமாகப் படவில்லை.

இன்ஷூரன்சும் பில்லும்

பழைய வண்டி வைத்திருப்பவர்கள் நிறையப் பேர் மூன்றாம் நபர் காப்பீடு மட்டும்தான் போடுகிறார்கள். அதில் உங்கள் வண்டிக்கே எதுவும் கிடைக்காது, கிட்டுக்கு எங்கே கிடைக்கும்? முழுக் காப்பீடு இருந்தாலும், கிட் மாட்டியதை நிறுவனத்துக்கு எழுதித் தெரிவித்து, பாலிசியில் அதைச் சேர்த்து வாங்குங்கள். கூடுதல் பிரீமியம் வரும். சொல்லாமல் விட்டால், விபத்துக்குப் பிறகு வரும் சர்வேயர் அதையே காரணம் காட்டி இழப்பீட்டைக் குறைக்கவோ மறுக்கவோ இடம் கொடுத்தவர் ஆவீர்கள்.

கடையில் ஜி.எஸ்.டி. பில் கேளுங்கள். பொருளின் பெயர், எந்த மாடலுக்கு, மாட்டும் கூலி, உத்தரவாதம் எல்லாம் அதில் எழுதியிருக்கட்டும். “பில் வேணும்னா ரேட்டு கூடும் சார்” என்றால் வேறு கடை பாருங்கள். பொருத்தம் சரியில்லை, வாக்குறுதி கொடுத்துவிட்டு மாற்றித் தரவில்லை என்றால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-ஐ அழைக்கலாம். அதிலும் தீராவிட்டால் இரண்டு ஆண்டுக்குள் மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்குப் போகலாம். 5 லட்சம் ரூபாய் வரை கொடுத்து வாங்கியதற்குப் புகார்க் கட்டணம் கிடையாது. ஆனால் பில் வேண்டும்.

சித்தி மகன் போன மாதம் மறுபடி ஒரு ஸ்பாய்லர் மாட்டியிருக்கிறான். சின்னது, கார் நிறுவனத்துத் துணைப்பொருள், பில்லோடு. பாவாடை வேண்டாமா என்று கேட்டேன். அட்டை ஒட்டிப் பார்த்தானாம், மூன்றாவது நாளே கிழிந்துவிட்டதாம்.